தாள் இல்லாதவர் சாட்சியும் சாட்சியே: போர்க்கால நினைவுப் பதிவுகள் குறித்து நமது சங்கத்தின் நிலைப்பாடு

நினைவுப் பதிவுகளைத் திரட்டும் நிறுவனம் எடுத்துள்ள முடிவை உறுப்பினர்கள் அறிவீர்கள். கடவுச்சீட்டோ கப்பல் சீட்டோ பணிச்சான்றோ காட்ட முடியாத முதியவரின் பேச்சு இனி அவர்கள் சேகரிப்பில் ஏறாதாம். சூரமங்கலத்தில் கூடிய செயற்குழு, சரிபார்ப்பின் தேவையை மறுக்காமலே, இம்முடிவு ஏற்கத்தக்கதல்ல எனக் கருதுகிறது. இதைவிடக் கடுமையாக எழுத வேண்டும் என்றவர்களே அதிகம்.

தாள் யாரிடம் இருந்தது? சேலம் ஜில்லாவிலிருந்து கங்காணி கூட்டிப்போய் மலாயா ரப்பர் எஸ்டேட்டில் விட்டவர்களை ஜப்பான்காரன் சயாமுக்கு கூட்ஸ் வண்டியில் அடைத்துக் கொண்டுபோனான். பான்போங்கிலிருந்து பர்மாவின் தன்பியூசயாத் வரை 415 கிலோமீட்டர் தண்டவாளம் போடவைத்தான். 1943 அக்டோபரில் இரு முனையும் இணைந்தன. அங்கே மாண்ட நேசநாட்டுப் போர்க்கைதிகள் 12,000க்கு மேல். அவர்களில் பெரும்பாலோருக்குப் பெயர் பொறித்த கல் உண்டு. காஞ்சனபுரியில் போய்ப் பார்க்கலாம். ஆசியக் கூலிகளில் இறந்தவர்கள் 90,000 வரை இருக்கலாம் என்கிறது பரவலான மதிப்பீடு. தமிழர்கள் ஏராளம். பெயர்ப்பட்டியல் மட்டும் இல்லை. காலரா கண்டவர்களைக் கூட்டமாகக் குழியில் தள்ளியவனிடமா நம் பாட்டன்மார் ரசீது வாங்கி வைத்திருக்க வேண்டும்? அன்று எழுதப்படாதவர்களை இன்றும் எழுத மாட்டோம் என்பதற்கு ஒரு விதிமுறை வேறு!

இங்கே இருந்தவர்கள் பட்டதும் போர்தான். 1942 பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூர் விழுந்தது. மலாயா மணியார்டர் நின்றது. அடுத்து பர்மா அரிசியும் நின்றது. தபால்காரர் வரும் நேரம் பார்த்து அம்மா குழித்தறியை விட்டு எழுந்து திண்ணைக்கு வந்துவிடுவார் என்று நம் மூத்த உறுப்பினர் ஒருவர் பதிவில் சொல்கிறார். போர் முடிந்தும் மலாயா போன அப்பாவைப் பற்றித் தகவல் இல்லை. தாலியைக் கழற்றுவதா வேண்டாமா என்று பங்காளிகள் உட்கார்ந்து பேசினார்களாம், அம்மாவைக் கேட்கவில்லை. இதற்கு எந்த ஆபீஸில் சான்று வாங்குவது?

தேதியோ ஊர்ப்பெயரோ பிசகினால் அடிக்குறிப்பில் சொல்லலாம். பேச்சில் கைவைக்கக் கூடாது. குடும்பத்தார் சம்மதமின்றிப் பெயர் வெளியிடுவதையும் ஏற்க மாட்டோம். மறுவாழ்வு முகாம்களில் வாழும் ஈழத்து மூத்தோரின் பதிவுகளுக்கும் இந்த நிலைப்பாடு பொருந்தும் என்பதே பெரும்பாலோர் எண்ணம். அவர்களுடன் கலந்து பேசிய பின்பே தனியாக அறிவிக்கப்படும்.

மறுபரிசீலனைக்கு நிறுவனத்தார் ஓராண்டு கேட்கிறார்கள். 1942இல் எட்டு வயதாயிருந்தவருக்கு இன்று தொண்ணூறு தாண்டிவிட்டது. யாரை உட்காரவைத்து அந்த ஓராண்டைக் கழிப்பது?

முடிவு திரும்பப் பெறப்படும் வரை மூல ஒலிப்பதிவுகளை ஒப்படைப்பதை இயன்றவரை நிறுத்திவைக்குமாறு, சிலரின் மாற்றுக் கருத்தையும் குறித்துக்கொண்டு, செயற்குழு கேட்டுக்கொள்கிறது. ஞாயிற்றுக்கிழமைப் பதிவுகள் வழக்கம்போல் நடக்கும். நடக்க முடியாதவர்கள் வீட்டுக்கே வருவோம்.

செயற்குழு
சூரமங்கலம், சேலம்