நெடுந்தீவுப் படகும் ஒரு மருத்துவ சேவைதான்

நெடுந்தீவுக்குப் போய் குதிரை, பெருக்கமரம், கல்வேலி எல்லாம் படம் பிடிச்சுப் போடுறீங்கள். போடுங்கோ, நல்ல விஷயம். ஆனா "படகுப் பயணம் சூப்பர் த்ரில்" எண்டு எழுதுறவைக்கு ஒரு டொக்டரா சில விஷயம் சொல்ல வேணும். கொஞ்சம் நீளும், பொறுமையா வாசியுங்கோ.

குறிகாட்டுவானில இருந்து மாவிலித்துறைக்குக் கடல் நல்லா இருந்தா ஏறக்குறைய ஒரு மணித்தியாலம். உங்களுக்கு அது வருசத்தில ஒரு நாள். அங்க இருக்கிற சனத்துக்கு அதுதான் றோட்டு. அரிசி, காஸ் சிலிண்டர், படிப்பிக்கிற ரீச்சர், பிரசவத்துக்கு நாள் குறிச்ச தாய், எல்லாம் அதிலதான் போகவேணும். சவப்பெட்டியும்தான்.

தீவில ஆஸ்பத்திரி இருக்கு. அங்க நிக்கிறவையைக் குறை சொல்லேல்லை. ஆனா சிரி ஸ்கான் எடுக்கவோ பெரிய சத்திரசிகிச்சை செய்யவோ யாழ்ப்பாணத்துக்குத்தான் வரவேணும்.

இப்ப ஒரு கணக்குப் பாருங்கோ. மூளையில இரத்தக்கட்டி அடைச்சுப் பக்கவாதம் வந்தா, கட்டியைக் கரைக்கிற மருந்தை நாலரை மணித்தியாலத்துக்குள்ள ஏத்த வேணும். அதுக்கு முதல் ஸ்கான் பார்க்க வேணும். வாய் கோணினதை வீட்டுக்காரர் கவனிச்சு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவர ஒரு நேரம். படகு ஒழுங்கு செய்ய ஒரு நேரம். கடலில ஒரு மணித்தியாலம். பிறகு அம்புலன்ஸில புங்குடுதீவு, வேலணை தாண்டி யாழ்ப்பாணம். படகு கையில தயாரா நிண்டா கணக்குச் சரிவரும். படகைத் தேட வெளிக்கிட்டா சரிவராது. மருந்து எங்களிட்ட இருக்கும், ஆள் வந்து சேராது.

இரவில நேவிப் படகு கொண்டுவந்து விடுறது உண்மை. அப்பிடிப் பிழைச்ச ஆக்கள் இருக்கினம், நன்றி சொல்லத்தான் வேணும். ஆனா நன்றி சொல்லவேண்டிய உதவியை ஒரு திட்டம் எண்டு கணக்குக் காட்டக் கூடாது.

அவசர நோயாளியாவது கண்ணுக்குத் தெரியுது. எனக்குக் கூடக் கவலை மற்ற ஆக்களிலதான். பிறஷர் குளிசை முடிஞ்ச ஆச்சி, சலரோகப் புண்ணுக்கு மருந்து கட்டவேண்டிய ஐயா. சோழகக் காத்து எழும்பினா, மாரியில கடல் கொந்தளிச்சா, கிளினிக் நாள் போயிடும். நாங்கள் கொப்பியில "ஒழுங்காக வருவதில்லை" எண்டு எழுதிவிடுவம். காத்தைப் பற்றி எழுத அந்தக் கொப்பியில இடம் இல்லை. கிழமைக்கு ரெண்டு மூண்டு தரம் டயலிசிஸ் வேணும் எண்டா, அந்த ஆள் தீவை விட்டு வீட்டோட வெளிக்கிட வேண்டியதுதான். சிறுநீரகம் மட்டுமில்லை, ஊரும் போகுது.

"ஒரு சில ஆயிரம் சனத்துக்கு இவ்வளவு செலவோ?" எண்டு கேக்கிறவை இருக்கினம். புங்குடுதீவுத் தாம்போதியை ஆரும் லாபம் பார்த்துக் கட்டேல்லையே. றோட்டில குழி விழுந்தா அரசாங்கத்தைத் திட்டுறம், படகு பழுதானா விதி எண்டுறம். கடலில ஓடுற படகை இடைக்கிடை கரையேத்திப் பழுது பார்க்கத்தான் வேணும், அது ஆருக்கும் தெரிஞ்ச விஷயம். அந்த நாளுக்கு மாத்துப் படகு இல்லாமல் விடுறதுக்குப் பேர் விதி இல்லை.

"தீவாருக்கு இது பழகிப்போச்சு" எண்டும் சொல்லாதேங்கோ. 1985 மே 15, இதே கடலில குமுதினிப் படகில பயணிகளை வெட்டிக் கொண்டவங்கள். கைக்குழந்தையையும். அதுக்குப் பிறகும் அந்தச் சனம் படகில ஏறினது பழகிப்போய் இல்லை, வேற வழி இல்லாமல்.

பாதுகாப்பு அங்கி விஷயமும் இருக்கு. கட்டுக்கட்டாத் தூக்கிக் கட்டி வைச்சிருக்கிற அங்கி ஆரையும் காப்பாத்தாது. மூளைக்கு ஒட்சிசன் இல்லாமல் நாலைஞ்சு நிமிஷம் போனாலே சேதம் தொடங்கும். முடிச்சு அவிழ்க்க நேரம் இராது. ஏறேக்கையே கேட்டு வாங்கிப் போடுங்கோ, வெக்கப்படாதேங்கோ.

கேக்கிறது பெரிசா ஒண்டுமில்லை. ஸ்ட்ரெச்சரும் ஒட்சிசனும் உள்ள ஒரு படகு, இரவில மாவிலித்துறைப் பக்கம் நிக்க வேணும், குறிகாட்டுவானில இல்லை. பழுது நாளுக்கு மாத்துப் படகு. படகு நேரத்தைப் பார்த்துத் தீவாருக்குக் கிளினிக் இலக்கம் குடுக்க ஒரு ஒழுங்கு. இது எங்கட பக்க வேலை, காசும் தேவையில்லை.

வாற சனி ஞாயிறு போறவைக்கு ஒண்டு. காலமை குறிகாட்டுவானில வரிசையில நிக்கேக்க, மருந்துப் பையும் கிளினிக் கொப்பியுமா ஒரு ஆள் நிண்டால், முதல் நாள் மருந்து எடுக்கிற வரிசையில நிண்டு கடைசிப் படகைத் தவறவிட்ட ஆளாத்தான் இருக்கும். அவரை முதல்ல ஏற விடுங்கோ.