காபி மேக்கரில் போட்ட காபி தண்ணியா இருக்கா... சீக்கிரம் ஆறிப்போகுதா? | வீட்டுக்கு வந்த மெஷின்

'மகளின் பிரசவத்துக்காக நியூஜெர்சி வந்து ஒரு மாதம் ஆகிறது. இங்கே நம் ஊர் ஃபில்டர் இல்லை. பெரிய காபி மேக்கர் ஒன்று இருக்கிறது. கண்ணாடி ஜாடிக்குப் பதிலாக ஃபிளாஸ்க் மாதிரி ஸ்டீல் ஜக். மகளிடம் கேட்டால், 'பட்டனை அமுக்கினா போதும்மா' என்கிறாள். அமுக்கினேன். காபி தண்ணியாக இருக்கிறது. பால் ஊற்றினால் உடனே ஆறியும் போகிறது. ராத்திரி முழுக்கக் குழந்தையோடு விழித்திருப்பவளை எழுப்பி இதையெல்லாம் கேட்க மனசு வரவில்லை. ஒரு நல்ல காபிக்கு வழி சொல்லுங்களேன்!'

சேலத்து வாசகி ஒருவர் அனுப்பிய கேள்வி இது. பிள்ளைகள் வீட்டுக்காக விமானம் ஏறும் அம்மா, அப்பாக்கள் பலருக்கும் இதே தவிப்பு இருக்கும். அடுத்தவர் சமையலறையில் ஒரு வாய் காபிக்காக இன்னொருவரை எதிர்பார்த்து நிற்பது சின்ன விஷயம் இல்லை. அதனால் இந்த வாரம் முழுக்க இந்த மெஷின்தான்.

அம்மா, முதலில் ஒன்று. நீங்கள் சொன்ன இரண்டு குறைகளுக்கும் அந்த ஸ்டீல் ஜக் காரணம் இல்லை. தண்ணியாக இருப்பதற்குக் காரணம் அளவு. ஆறிப்போவதற்குக் காரணம் பெரும்பாலும் பால். இரண்டையும் சரிசெய்துவிடலாம்.

மெஷினுக்குள் என்ன நடக்கிறது?

நம் ஃபில்டரில் தூள் மேல் வெந்நீரை ஊற்றிவிட்டுக் காத்திருக்கிறோம். கெட்டியான டிகாக்‌ஷன் சொட்டுச் சொட்டாக இறங்குகிறது. டிரிப் காபி மேக்கர் வேறு ரகம். பின்பக்கத் தொட்டியில் இருக்கும் பச்சைத் தண்ணீர் ஒரு குழாய் வழியாக இறங்கும். அங்கே ஹீட்டர் அதைக் கொதிக்க வைக்கும். கொதிக்கும்போது வரும் ஆவிக் குமிழிகளே தண்ணீரை மேலே தள்ளி, தூள் மேல் விழச் செய்யும். 'களுக் களுக்' என்று கேட்கிற சத்தம் அதுதான். தூளில் ஊறி இறங்குவது நேராக ஜக்குக்குப் போகிறது.

அதாவது, இது தருவது டிகாக்‌ஷன் இல்லை. பால் சேர்க்காமல் அப்படியே குடிப்பதற்கான கறுப்புக் காபி. அதில் பாதிக்குப் பாதி பால் ஊற்றினால் தண்ணியாகத்தானே இருக்கும்?

இந்தக் காபிக்கும் ஒரு வரலாறு உண்டு. 1908-ல் ஜெர்மனியின் டிரெஸ்டன் நகரில் மெலிட்டா பென்ட்ஸ் என்ற இல்லத்தரசி, காபியில் வரும் மண்டியைப் பொறுக்க முடியாமல், பித்தளைப் பாத்திரத்தில் ஓட்டை போட்டு, மகனுடைய மை ஒற்றும் தாளை அதில் வைத்து வடிகட்டினார். காபி ஃபில்டர் பேப்பர் பிறந்தது அப்படித்தான். 1954-ல் அதே ஜெர்மனியில் 'விகோமாட்' என்ற மின்சார டிரிப் மெஷின் வந்தது. 1972-ல் 'மிஸ்டர் காபி' விற்பனைக்கு வந்த பிறகு அமெரிக்க வீடுகளில் இது சாதாரணப் பொருளாகிவிட்டது.

ஃபிளாஸ்க் ஜக் எதற்கு?

பழைய மெஷின்களில் கண்ணாடி ஜாடிக்குக் கீழே ஒரு சூட்டுத் தட்டு இருக்கும். காபி இறங்கிய பிறகும் அது சூடேற்றிக்கொண்டே இருக்கும். அரைமணி நேரம் போனால் காபி சுண்டி, கருகின மாதிரி கசக்கும். நாம் டிகாக்‌ஷனைத் திரும்பத் திரும்ப அடுப்பில் வைத்தால் என்ன ஆகுமோ, அதேதான்.

ஸ்டீல் ஜக்குக்கு இரண்டு சுவர்கள். நடுவில் காற்று உறிஞ்சி எடுக்கப்பட்டிருக்கும். 1892-ல் விஞ்ஞானி ஜேம்ஸ் டூவர் உருவாக்கிய வெற்றிடக் குடுவையின் தத்துவம்தான் இதுவும். சூடு வெளியே போக வழி குறைவு. மேலும் சூடேற்றாததால் காபி கருகாது. ஐந்து மணிக்கு நீங்கள், ஆறரைக்கு மாப்பிள்ளை, குழந்தை தூங்கிய பிறகு மகள் என்று ஆளுக்கொரு நேரம் குடிக்கிற வீட்டுக்கு இது சரியான பொருள். ஒரு முறை போட்டால் போதும். ஒவ்வொருவருக்கும் ஒருவர் எழுந்துபோய் அடுப்பங்கரையில் நிற்க வேண்டாம்.

ஆனால், ஜக் புதிதாகச் சூடு உண்டாக்காது. உள்ளே போன சூட்டைக் காப்பாற்றும், அவ்வளவுதான். இதை மனதில் வைத்துக்கொண்டு செய்முறைக்குப் போவோம்.

அளவுதான் எல்லாம்

தொட்டியில் 4, 6, 8, 10 என்று எண்கள் இருக்கும். அவை 'கப்' கணக்கு. பல அமெரிக்க மெஷின்களில் ஒரு கப் என்பது 5 அவுன்ஸ், சுமார் 150 மி.லி. மகள் வீட்டு மக் அதைப்போல இரண்டு மடங்கு பிடிக்கும். நான்கு பேர் என்று நினைத்து '4' வரை தண்ணீர் ஊற்றினால் வருவது இரண்டு மக்தான். அதனால் எண்ணை விட்டுவிட்டு, அளவு ஜாடியில் மி.லி பார்த்து ஊற்றுங்கள்.

* கறுப்புக் காபிக்கு: ஒரு லிட்டர் தண்ணீருக்கு 55 கிராம் தூள். காபித் துறையினர் பரவலாகப் பின்பற்றும் கணக்கு இது. ஒரு டேபிள் ஸ்பூன் தூள் தோராயமாக 5 கிராம் என்பதால், 11 டேபிள் ஸ்பூன்.

* பால் காபிக்கு: அரை லிட்டர் தண்ணீருக்கு 50 கிராம், அதாவது 10 டேபிள் ஸ்பூன். 'இவ்வளவா!' என்று பயப்பட வேண்டாம். தூள் கொஞ்சம் தண்ணீரைக் குடித்துக்கொண்டு, சுமார் 400 மி.லி ஸ்ட்ராங் காபி இறங்கும். அதே அளவு பால் சேர்த்தால் ஐந்து டம்ளர் காபி.

தூள் கூடை முக்கால் அளவுக்கு மேல் நிரம்பக் கூடாது. வெந்நீர் பட்டதும் தூள் உப்பும். இடமில்லாவிட்டால் மேலே பொங்கி வழியும்.

எந்தத் தூள்?

அங்கே இந்தியக் கடைகளில் நம் ஊர் ஃபில்டர் காபித்தூள் கிடைக்கும். ஆசையாக வாங்கி அதில் போட்டுவிடாதீர்கள். நம் ஃபில்டர் தூள் நைஸாக இருக்கும். பேப்பர் ஃபில்டரின் துளைகளை அடைத்துக்கொண்டு, தண்ணீர் தேங்கி, கூடை நிரம்பி மேடையெல்லாம் வழியும். தூள் மணல் பதத்தில் கொஞ்சம் கரகரப்பாக இருக்க வேண்டும். அமெரிக்கக் கடைகளில் டிரிப் மெஷினுக்கென்றே அரைத்து விற்கிறார்கள்.

சிக்கரி இல்லாமல் திருப்தி வராது என்பவர்கள், சிக்கரி குறைவான தூளில் ஆரம்பிக்கலாம். நம் ஊரில் சிக்கரி கலந்த தூளில் காபி குறைந்தது 51 சதவிகிதமாவது இருக்க வேண்டும் என்பது சட்டம். பாக்கெட்டிலேயே விகிதம் அச்சிட்டிருக்கும், பார்த்து வாங்குங்கள்.

ஸ்டெப் பை ஸ்டெப்

1. ஜக்கைக் காலி செய்யுங்கள். ஸ்டீல் என்பதால் உள்ளே இருப்பது வெளியே தெரியாது. நேற்றைய காபி பாதி இருக்க, அதன் மேல் புதிதாக இறங்கினால் மேடை குளமாகிவிடும். இந்த ஜக்கில் அதிகம் நடக்கும் விபத்து இது.

2. ஜக்குக்கு வெந்நீர்க் குளியல். குளிர்ந்து கிடக்கும் ஸ்டீல், முதலில் விழும் காபியின் சூட்டைத் தானே எடுத்துக்கொள்ளும். கொதிக்கும் வெந்நீரை ஊற்றி ஐந்து நிமிடம் மூடிவைத்துக் கொட்டிவிடுங்கள். குளிர்காலத்தில் இதைத் தவிர்க்கவே கூடாது.

3. தொட்டியில் பச்சைத் தண்ணீர் மட்டும். சீக்கிரம் ஆகட்டும் என்று வெந்நீரோ, ஒரேயடியாக முடியட்டும் என்று பாலோ ஊற்றக் கூடாது. பால் குழாய்க்குள் ஒட்டிக் கருகினால் மெஷின் போய்விடும்.

4. மூடியோடு வையுங்கள். இந்த ஜக்குகள் பலவற்றின் மூடியிலேயே காபி இறங்குவதற்கு ஓட்டை இருக்கும். ஜக்கைச் சரியாக உள்ளே தள்ளியதும், மூடிதான் மேலே இருக்கும் அடைப்பை அமுக்கித் திறக்கும். மூடி இல்லாமலோ, கோணலாகவோ வைத்தால் அடைப்பு திறக்காது. வெந்நீர் கூடையில் நிரம்பி வழியும். கைக்குழந்தை இருக்கும் வீட்டில் இது ரொம்ப முக்கியம்.

5. முடியும்வரை காத்திருங்கள். முதலில் இறங்குவது ஸ்ட்ராங், கடைசியில் இறங்குவது லைட். பாதியில் எடுத்து ஊற்றினால் உங்களுக்குக் கசப்பு, மற்றவர்களுக்கு வெறும் தண்ணீர். முழுதும் இறங்கியதும் ஜக்கை மெதுவாக ஒரு சுழற்று சுழற்றிவிட்டு ஊற்றுங்கள்.

6. ஊற்றியதும் மூடுங்கள். சூடு வெளியேறுவது அதிகமும் வாய்ப்பக்கமாகத்தான். அரை ஜக் காபியைவிட முழு ஜக் காபி நீண்ட நேரம் சூடாக இருக்கும். குடிக்கப்போகும் அளவு குறைவு என்றால், நீண்ட நேரம் வைத்திருக்கத் திட்டமிட வேண்டாம்.

பாலில்தான் விஷயம்

இப்போது 'ஆறிப்போகிறது' என்ற குறைக்கு வருவோம். ஜக்கிலிருந்து ஊற்றும் காபி 80 டிகிரி செல்சியஸ் என்று வைத்துக்கொள்வோம். ஃப்ரிட்ஜில் இருந்து எடுத்த பால் 4 டிகிரி. இரண்டையும் சம அளவு கலந்தால் கிடைப்பது சுமார் 42 டிகிரி. குழந்தையின் குளியல் தண்ணீரைவிட ஒரு பிடி அதிகம், அவ்வளவுதான்! எந்த ஃபிளாஸ்க்கும் இதைக் காப்பாற்றாது.

பாலைத் தனியாக, நுரை வரும்வரை காய்ச்சுங்கள். அவரவர் குடிக்கும் நேரத்தில் அவரவருக்கு மட்டும். பீங்கான் மக்கில் ஊற்றி மைக்ரோவேவில் வைத்தும் சூடாக்கலாம். ஸ்டீல் டம்ளரையும் இந்த ஜக்கையும் மைக்ரோவேவில் வைக்கவே கூடாது.

'மொத்தமாகப் பால் கலந்து ஜக்கில் வைத்துவிட்டால் வேலை மிச்சமே' என்று தோன்றும். வேண்டாம். 60 டிகிரிக்குக் கீழே மிதமான சூட்டில் நிற்கும் பாலில் கிருமிகள் வேகமாகப் பெருகும். ஜக் சூட்டை மெதுவாக இழப்பதால், பால் அந்த மிதமான சூட்டிலேயே மணிக்கணக்கில் இருக்கும். காலையில் ஊற்றி மதியம் குடிப்பது வயிற்றுக்கு ஆபத்து. மூடியின் ரப்பர் வளையத்தில் பால் ஏடு படிந்தால் நாற்றமும் போகாது. ஜக்கில் கறுப்புக் காபி மட்டும் இருக்கட்டும்.

ராத்திரியே தயார் செய்து வைக்கலாமா?

மெஷினில் கடிகாரமும் டைமரும் இருந்தால் தாராளமாக. படுக்கும் முன் தண்ணீரும் தூளும் போட்டு, ஐந்து மணி என்று வைத்துவிட்டால், நீங்கள் எழும்போது காபி மணக்கும். ஜக்கை முன்கூட்டிச் சூடாக்க முடியாது என்பதால் சூடு கொஞ்சம் குறையும். தூளின் வாசமும் கொஞ்சம் குறையும். பேரக்குழந்தை மூன்று முறை எழுப்பிய ராத்திரிக்குப் பிறகு, அது பெரிய குறையாகத் தெரியாது.

சுத்தம் செய்வது எப்படி?

ஜக்கை தினமும் வெந்நீரிலும் பாத்திரம் தேய்க்கும் திரவத்திலும் கழுவுங்கள். காபிக்கறை பிடித்தால் ஒரு டேபிள் ஸ்பூன் சமையல் சோடாவைப் போட்டு, வெந்நீர் ஊற்றி, அரைமணி நேரம் கழித்து நீளமான பிரஷால் தேய்த்தால் போய்விடும். கம்பி நார் கூடாது. முழு ஜக்கையும் தண்ணீரில் ஊறப்போடுவது, டிஷ்வாஷரில் வைப்பது இரண்டும் வேண்டாம். மெஷினோடு வந்த குறிப்பேட்டில் 'வைக்கலாம்' என்று இருந்தால் மட்டும் வையுங்கள். கழுவிய பின் மூடாமல் கவிழ்த்து வையுங்கள்.

காபி இறங்க வழக்கத்தைவிட அதிக நேரம் ஆகிறது, சத்தம் கூடுகிறது என்றால், குழாயில் உப்பு படிந்திருக்கிறது என்று அர்த்தம். ஒரு பங்கு வெள்ளை வினிகர், இரண்டு பங்கு தண்ணீர் கலந்து, தூள் இல்லாமல் ஒரு முறை ஓட்டுங்கள். பிறகு வெறும் தண்ணீரை இரண்டு முறை ஓட்டினால் வினிகர் வாசம் போய்விடும்.

ஊருக்குத் திரும்பும்போது...

'அம்மாவுக்குப் பிடிச்சிருக்கு, ஒண்ணு வாங்கிக் கொடுத்து அனுப்பலாம்' என்று மகள் நினைக்கலாம். அமெரிக்கக் கடையில் வாங்க விடாதீர்கள். அங்கே மின்சாரம் 120 வோல்ட், இங்கே 230 வோல்ட். மெஷினின் அடியில் இருக்கும் லேபிளில் '120 வோல்ட்' என்று மட்டும் போட்டிருந்தால், நம் ஊர் பிளக்கில் மாட்டியதும் ஹீட்டர் தாங்க வேண்டியது கிட்டத்தட்ட நாலு மடங்கு பவர். கருகும், தீப்பிடிக்கவும் வாய்ப்புண்டு. கடையில் விற்கும் சின்ன பின் அடாப்டர் பிளக்கின் வடிவத்தைத்தான் மாற்றும், வோல்ட்டை மாற்றாது. இவ்வளவு பவர் இழுக்கும் மெஷினுக்கான டிரான்ஸ்ஃபார்மர் கனமானது, காபி மேக்கருக்காக அதை வாங்குவது வீண். வேண்டுமென்றால் 230 வோல்ட் மெஷினை இங்கேயே வாங்கிக்கொள்ளலாம்.

ஒன்றை ஒளிக்காமல் சொல்லிவிடலாம் அம்மா. என்ன செய்தாலும் இந்த மெஷினில் நம் ஃபில்டர் டிகாக்‌ஷனின் கெட்டி வராது. அது வேண்டுமென்றால் ஊரிலிருந்து யாராவது வரும்போது பெட்டியில் ஒரு சின்ன ஃபில்டரைப் போட்டுக்கொண்டு வரச் சொல்லுங்கள். அதுவரை பத்து ஸ்பூன் தூள், அரை லிட்டர் தண்ணீர், காய்ச்சிய பால். யாரையும் எழுப்பாமல் நாளைக் காலையே போட்டுக் குடித்துவிடலாம். மகள் எழுந்து வரும்போது அவருக்கும் ஜக்கில் சூடாக ஒரு டம்ளர் இருக்கும்.

*உங்கள் வீட்டுக்கு வந்த மெஷின் என்ன? சந்தேகங்களை எழுதி அனுப்புங்கள். அடுத்த வாரம் பார்க்கலாம்.*