அரப்பும் கடினநீரும்
இயற்கைப் பராமரிப்பு என்றதும் பத்துப் பொடிகளை வரிசையாக அடுக்கும் இன்றைய வழக்கத்துக்கு முன்பே, திருப்பூர் உள்ளிட்ட கொங்கு வட்டாரம், உசிலை மர இலையை உலர்த்தி இடித்த பொடியாகிய அரப்பு ஒன்றையே எண்ணெய்க் குளியலுக்குப் போதுமெனக் கொண்டிருந்தது. கால்சியமும் மக்னீசியமும் மிகுந்த கடினநீரில் சோப்பு நுரைக்காமல் வெண்படிவாகத் திரிந்து முடியில் ஒட்டிக்கொள்ள, அரப்பிலுள்ள சபோனின் என்னும் இயற்கை நுரைப்பொருள் அவ்வாறு திரிவதில்லை என்பதால், இவ்வழக்கத்தை மரபுப் பெருமையாக மட்டும் பேசுவது அதைக் குறைத்து மதிப்பிடுவதாகும். சாயம் ஏறுவதற்காகப் பருத்தித் துணியின் இயற்கை மெழுகைக் காரத்தால் நீக்கும் சாயப்பட்டறைகளின் ஊரான திருப்பூரில், தோலின் எண்ணெய்ப்பசையை அவ்வாறு உரித்தெடுக்கலாகாது என்று விளக்கத் தனி நூல் வேண்டியதில்லை. இயற்கையானது என்பதாலேயே எதுவும் தீங்கற்றதாகிவிடாது: எலுமிச்சைச் சாறும் இயற்கைப் பொருளே ஆயினும், அதை முகத்தில் பூசிக்கொண்டு வெயிலில் சென்றால் தோல் புண்ணாகக்கூடும்.