ஜூபிடருக்கு அங்கே படையல் இல்லை!

“ஆங்கிலேயனைப் பாருங்கள்! ஆலைகளை எழுப்பினான், ஆழ்கடலை அளந்தான், அறிவியலிலே ஓங்கினான். ஆயினும் ஹோமரை எறிந்துவிட்டானா? வர்ஜிலை வெறுத்தானா? ஜூபிடரையும் வீனசையும் ஷேக்ஸ்பியர் பாடவில்லையா? கீட்ஸ் பாடவில்லையா? தம் நாட்டிற்கே உரியதல்லாத பழங்கதைகளை அவர்கள் போற்றும்போது, நீங்கள் மட்டும் சொந்த நாட்டுப் புராணங்களையும் இதிகாசங்களையும் தூற்றித் திரிவானேன்?”

மேடைதோறும் மன்றந்தோறும் பழமை விரும்பிகள் நம்மை நோக்கி வீசும் கேள்வி இது. கம்பராமாயணம் குறித்து அறிஞர் அண்ணா சென்னையிலும் சேலத்திலும் 1943-இல் சொற்போர் நிகழ்த்திய நாள்தொட்டு, இத்தகைய கணைகள் நமக்குப் புதியவை அல்ல. ஆனால் கேட்பவர் பட்டம் பெற்றவராக இருப்பார். ஆங்கிலக் கவிஞரின் பெயர்களை அடுக்கடுக்காக உதிர்ப்பார். அதைக் கேட்டு நம் இளைஞர் சிலர் திகைத்து நிற்பதும் உண்டு.

திகைக்கத் தேவையில்லை, தோழர்களே! கேள்வியின் முற்பகுதி முழு உண்மை, ஒப்புக்கொள்வோம். ஆங்கில இலக்கியத்திலே கிரேக்கத்துக் கல்லும் ரோமாபுரி மரமும் ஏராளம். ஆனால், அந்தக் கல்லையும் மரத்தையும் கொண்டு அவர்கள் கட்டியது மாளிகை, கோயில் அன்று! இந்த ஒரு வேறுபாட்டை மறைத்துவிட்டுத்தான் நண்பர்கள் வாதாடுகின்றனர். மறைத்ததை எடுத்து வெளியே வைப்பதே நம் வேலை.

முதலில், மொழியைப் பார்ப்போம்.

இங்கிலாந்திலும் ஒரு ‘தேவபாஷை’ இருந்தது. அதன் பெயர் லத்தீன். வழிபாடு லத்தீனில், வேதநூல் லத்தீனில், பல்கலைக்கழகப் பாடம் லத்தீனில்! உழவனுக்கும் தச்சனுக்கும் புரியாத மொழியிலே அவனுடைய ‘ஆத்மா’வுக்கு வழி காட்டப்பட்டது. வில்லியம் டிண்டேல் என்பவர் கிரேக்க மொழி கற்று, புதிய ஏற்பாட்டைக் கிரேக்க மூலத்திலிருந்து ஆங்கிலத்தில் பெயர்த்தார். 1526-இல் அந்நூல் இங்கிலாந்துக்குள் கள்ளத்தனமாகத்தான் வர முடிந்தது. கைப்பற்றிய படிகளை லண்டனிலே கொளுத்தினர். 1536-இல், பிரசல்ஸ் நகருக்கு அருகே, டிண்டேலையும் கழுத்தை நெரித்துக் கொன்று கொளுத்தினர். அவர் நம்மைப் போன்ற பகுத்தறிவாளர் அல்லர், பக்தர்தான். ஆயினும், மக்கள் மொழியில் எழுதத் துணிந்த பக்தனையும் பொறுக்கவில்லை மதபீடம்! 1539-இல் வெளிவந்த ஆங்கில பைபிளிலே அவருடைய மொழிபெயர்ப்பே பெரும்பகுதி இடம்பெற்றது. தீ தோற்றது, தாய்மொழி வென்றது.

அந்த நூற்றாண்டிலேயே ரிச்சர்டு மல்காஸ்டர் என்ற பள்ளி ஆசிரியரைக் காண்கிறோம். கவிஞர் ஸ்பென்சருக்கு ஆசான். லத்தீன் கற்பித்து வாழ்ந்தவர். 1582-இல் எழுதிய நூலில் அவரே, லத்தீனுக்கு மதிப்புத் தரலாம், முதலிடம் ஆங்கிலத்துக்கே என்ற கருத்தைத் துணிந்து கூறினார். கற்ற மொழிக்கு நன்றி, பெற்ற மொழிக்கு உரிமை! அந்தத் தெளிவு இங்கே எத்தனை பண்டிதர்க்கு இருந்தது?

அதே காலத்தில் மொழிபெயர்ப்பு வெள்ளமெனப் பாய்ந்தது. 1567-இல் ஆர்தர் கோல்டிங் ஓவிட்டின் கதைகளை ஆங்கிலத்தில் தந்தார். 1579-இல் தாமஸ் நார்த், புளூட்டார்க்கின் வரலாறுகளைப் பிரெஞ்சு வழியாகக் கொண்டுவந்தார். 1611-இல் ஜார்ஜ் சாப்மன் ஹோமரின் இலியட்டை முழுமையாக முடித்தார். பயன் என்ன? ஸ்ட்ராட்போர்டு என்னும் சிற்றூரிலே, கையுறை தைத்து விற்றவரின் மகன், பல்கலைக்கழக வாயிலை மிதிக்காதவர், நார்த்தின் நூலை விரித்து வைத்துக்கொண்டு ‘ஜூலியஸ் சீசர்’ எழுதினார், ‘அந்தோணியும் கிளியோபாத்ராவும்’ எழுதினார், ‘கோரியலேனஸ்’ எழுதினார். அவரே ஷேக்ஸ்பியர்!

சூத்திரன் வேதம் கேட்டால் அவன் காதிலே ஈயத்தை உருக்கி ஊற்று என்று விதித்தது கௌதம தர்ம சூத்திரம். அத்தகைய விதியொன்று அங்கே ஆண்டிருந்தால், கையுறைக்காரரின் மகன் காது என்னவாகியிருக்கும்? உலகம் ஷேக்ஸ்பியரைப் பெற்றிருக்குமா? எண்ணிப் பாருங்கள்!

சரி, பெற்ற கதைகளைப் போற்றிக் கைகூப்பினாரா ஷேக்ஸ்பியர்? இல்லை. பிரமஸ், திஸ்பே என்னும் காதலர் சாவைக் கண்ணீர் மல்கப் பாடினார் ஓவிட். ஷேக்ஸ்பியரோ, ‘நடுவேனில் இரவுக் கனவு’ நாடகத்திலே அதே கதையை நெசவாளியையும் தச்சனையும் தையற்காரனையும் கொண்டு மன்னன் முன்னிலையில் நடிக்கவைத்து, அவையைக் குலுங்கக் குலுங்கச் சிரிக்கவைத்தார். ஹோமர் மாவீரனாகப் பாடிய அக்கிலீஸை, ‘டிராய்லசும் கிரெசிடாவும்’ நாடகத்தில் அவர் என்ன செய்தார்? படைக்கலம் களைந்து நின்ற ஹெக்டரை ஆள்விட்டுக் கொல்லும் கோழையாகவே காட்டினார்! ‘ஐயோ, மனம் புண்பட்டதே!’ என்று எவரேனும் ஹோமரின் பெயரால் நாடகக் கொட்டகைக்குத் தீ வைத்தனரா? கதை கதையாக இருந்தது. ஆகவே கலைஞன் கை அதிலே தடையின்றிப் புகுந்தது.

வடிவத்திலும் இதே கதைதான். வர்ஜிலின் ‘ஈனியட்’டில் இரு பகுதிகளை ஆங்கிலமாக்க முற்பட்ட சர்ரே பிரபு, இயைபின் கட்டறுத்த புதுச் செய்யுள் நடையொன்றை ஆண்டார். 1547-இல் மன்னன் ஆணையால் அவர் தலை துண்டிக்கப்பட்டது. அவர் தந்த நடை மட்டும் சாகவில்லை. மார்லோவும் ஷேக்ஸ்பியரும் அதை நாடகத்தின் நாவாக்கினர். மில்டன் 1667-இல் அதே நடையில் ‘இழந்த சுவர்க்கம்’ பாடினார். மில்டன் லத்தீனிலே கரைகண்டவர்; அரசின் அயல்நாட்டு மடல்களை அம்மொழியில் வரைந்த செயலர். பெருங்காவியம் பாட வந்தபோது அவர் தேர்ந்ததோ ஆங்கிலம்! ஹோமரிடமும் வர்ஜிலிடமும் காவியம் கட்டும் முறையைக் கற்றார். அவர்களுடைய ஜூபிடரையோ நரகத்தில் வீழ்ந்த பேய்களின் பட்டியலிலே சேர்த்தார். ஒரு மதத்தை ஏற்றவர் மறு மதத்தைத் தள்ளினார் என்று சொல்லலாம், உண்மைதான். ஆனால், இலக்கியம் பயின்றதற்காக அதன் தெய்வத்தையும் தொழவேண்டும் என்னும் நியதி இல்லை என்பதற்கு அவரைவிடச் சான்று வேறு வேண்டுமா?

இனி, நமக்கு இன்னும் நெருங்கியவர்களைப் பார்ப்போம். ரோமாபுரிக் கவி லுக்ரீஷியஸ், கிறிஸ்துவுக்கு முந்திய நூற்றாண்டிலேயே, உலகம் அணுக்களால் ஆனது. மனிதர் வாழ்விலே தேவர்கள் தலையிடுவதில்லை. அச்சமே மனிதனை அடிமையாக்குகிறது என்று பாடியவர். கப்பற்படை புறப்பட வேண்டுமென்று பெற்ற மகளையே தெய்வத்துக்குப் பலியிட்ட அகமெம்னான் கதையைக் காட்டி, மதம் செய்யும் கொடுமை இது என்று இடித்துரைத்தவர். 1682-இல் அவருடைய பாடல் முழுவதும் ஆங்கிலத்தில் அச்சேறியது. நாத்திகத்தின் தேவை குறித்துத் துண்டறிக்கை வெளியிட்டதற்காக 1811-இல் ஆக்ஸ்போர்டிலிருந்து வெளியேற்றப்பட்ட ஷெல்லி, இரண்டாண்டு கழித்து வெளியிட்ட ‘குயின் மாப்’ நூலின் முகப்பிலே லுக்ரீஷியசின் அடிகளைப் பொறித்தார்.

அந்த ஷெல்லி கிரேக்கப் புராணத்தைத் தொட்டபோது நிகழ்ந்ததைக் கேளுங்கள். மனிதனுக்காக நெருப்பைத் திருடித் தந்தவன் பிராமிதியூஸ். அதற்காகத் தேவராஜன் அவனைப் பாறையிலே பிணைத்து வதைத்தான். அவ்விருவரும் இறுதியில் சமாதானமானதாகவே பழைய மரபு. ஷெல்லி அதை ஏற்கவில்லை. மனிதகுலத்தின் தோழன் மனிதகுலத்தை நசுக்கியவனோடு கைகுலுக்குவதா? முடியாது என்றார். 1820-இல் வெளியான ‘விடுதலை பெற்ற பிராமிதியூஸ்’ காவிய நாடகத்தில் ஜூபிடரை அரியணையிலிருந்து வீழ்த்தினார்! புராணத்தை எடுத்தார், அதன் முடிவைத் திருத்தினார், தேவனைத் தள்ளினார், மனிதனை நிமிர்த்தினார். பழமை விரும்பிகளே, ஷெல்லியைச் சான்றுக்கு அழைக்கிறீர்கள். அழையுங்கள்! அவர் வந்தால் நம் பக்கமல்லவா அமர்வார்?

“அங்கே அவர்கள் செத்த தெய்வங்கள், ஆகவே எப்படியும் எழுதலாம்” என்று சிலர் குறுக்கிடுவர். நன்று சொன்னீர்கள்! அதைத்தான் நாமும் சொல்கிறோம். கிரேக்கர் சீயஸ் என்றும் ரோமர் ஜூபிடர் என்றும் அழைத்தவன் கடவுளாய்க் கொலுவிருந்தபோது என்ன நடந்தது? கி.மு. 399-இல், நகரத்தின் தெய்வங்களை நம்பவில்லை, இளைஞரைக் கெடுத்தார் என்று குற்றம் சாட்டி, சாக்ரடீசுக்கு நஞ்சு கொடுத்தார்கள். 1956-இல் ‘ராஜா ராணி’ படத்திலே, கலைஞரின் எழுத்தில் அந்த வழக்கைத் தமிழ்நாடு கேட்டதே, நினைவிருக்கிறதா? ஜூபிடர் கடவுளாயிருந்தபோது கிண்ணத்தில் நஞ்சு. கதையான பிறகு கிண்ணத்தில் கவிதை! பலிபீடத்திலிருந்து இறங்கிப் படிப்பறைக்குள் வந்த பிறகே அவனால் மனிதனுக்குத் தீங்கு இல்லாமற் போயிற்று.

இவ்வளவு கூறியதால், இங்கிலாந்தைப் பொன்னுலகமாகத் தீட்டுகிறோம் என்று எண்ணவேண்டாம். கிரேக்கமும் லத்தீனும் அங்கேயும் வேலியாக்கப்பட்டதுண்டு. குதிரை லாயம் நடத்தியவரின் மகன் கீட்ஸ்; மருந்து கலக்கும் தொழில் பயின்றவர்; கிரேக்கம் கற்கும் வாய்ப்பற்றவர். 1816 அக்டோபரில் ஓர் இரவு முழுதும் நண்பரோடு சாப்மனின் ஹோமரைப் படித்தார். மறுநாட் காலைக்குள் அதைப் பற்றி அழியாத கவிதையொன்றை ஆக்கிவிட்டார். இரண்டாண்டுக்குள், எடின்பரோவின் ‘பிளாக்வுட்ஸ்’ இதழ் அவர்மீது பாய்ந்தது. மொழிபெயர்ப்பிலே ஹோமரை அறிந்தவனுக்குக் கவிதை ஒரு கேடா, மருந்துக் கடைக்கே திரும்பு என்று எள்ளி நகையாடியது. 1895-இல் தாமஸ் ஹார்டி எழுதிய ‘ஜூட்’ நாவலிலே, கிரேக்கமும் லத்தீனும் தானே முயன்று கற்ற கல்தச்சன் கல்லூரித் தலைவருக்கு மடல் எழுதுகிறான். வந்த பதில் என்ன? உன் தொழிலைப் பார்த்துக்கொண்டு உன் நிலையிலேயே இரு!

எங்கேயோ கேட்ட குரல் போலில்லையா? 1953-இல் சென்னை மாநிலத்தில், அரை நாள் பள்ளி, அரை நாள் அப்பன் தொழில் என்று ஒரு திட்டம் வந்ததே, குலக்கல்வித் திட்டம் என்று நாம் குறித்தது, கிளர்ச்சி கண்டு 1954-இல் கைவிடப்பட்டது, அதன் குரல்தான்! ஊர் வேறு, உடை வேறு. ஆதிக்கத்தின் பேச்சு ஒன்றே.

இந்த வேலி கடல் கடந்து நம் நாட்டுக்கும் நீண்டது. இந்திய ஆட்சிப் பணித் தேர்வுக்காக மெக்காலே குழு வகுத்த திட்டத்தில் கிரேக்கத்துக்கு 750 மதிப்பெண், லத்தீனுக்கு 750. சமஸ்கிருதத்துக்கும் அரபுக்கும் 375 வீதம். தமிழுக்கு? பட்டியலிலேயே இடமில்லை! பெண்களின் நிலையோ இன்னும் இழிவு: ஆக்ஸ்போர்டு 1920 வரையிலும், கேம்பிரிட்ஜ் 1948 வரையிலும் அவர்களுக்குப் பட்டமே தரவில்லை.

ஆனால் அந்த வேலியை அங்குள்ளோர் சாய்த்தனர். கட்டாயக் கிரேக்கத்தைக் கேம்பிரிட்ஜ் 1919-இலும் ஆக்ஸ்போர்டு 1920-இலும் கைவிட்டன. எமிலி வில்சன் என்ற பெண் அறிஞர் 2017-இல் ஹோமரின் ஒடிசியை ஆங்கிலத்தில் வெளியிட்டார். அக்காவியம் முழுவதையும் பெண்ணொருவர் ஆங்கிலத்தில் பெயர்த்து நூலாக்கியது அதுவே முதன்முறை. காவிய முடிவில் பன்னிரண்டு பெண்கள் தூக்கிலிடப்படுகின்றனர். மொழிபெயர்த்த ஆடவர் பலர் ‘பணிப்பெண்கள்’ என்று மெழுகிச் சென்றனர். வில்சன் ‘அடிமைகள்’ என்று உள்ளதை உள்ளபடி எழுதினார். காவியத்தின் அழகும் அழியவில்லை. அதன் கொடுமையும் மறையவில்லை. நேர்மையான வாசிப்பு என்பது இதுவே!

ஆகவே தோழர்களே, அடுத்தமுறை இந்தக் கேள்வி வீசப்படும்போது நீங்கள் திருப்பிக் கேளுங்கள். ஹோமரைப் படித்த ஆங்கிலேயன் ஜூபிடருக்குப் படையல் வைத்தானா? ஹோமரின் பெயரால் ஒருவனைப் பிறவியிலே தாழ்ந்தவன் என்றானா? வர்ஜிலைக் காட்டித் தட்சிணை கேட்கும் கூட்டம் லண்டனில் உண்டா? அக்கிலீஸைக் கோழையென்று எழுதிய நாடகத்துக்கு அங்கே கல்லடி விழுந்ததா? இக்கேள்விகளுக்கு விடை சொல்லட்டும். பிறகு ஷேக்ஸ்பியரைத் துணைக்கு அழைக்கட்டும்!

பழைய நூல்களைப் படிக்கவே கூடாது என்பதன்று நம் வாதம். படிப்போம், ஆராய்வோம், சுவை இருந்தால் சுவைப்போம், நஞ்சு இருந்தால் நஞ்சென்று பெயரிட்டு ஊருக்கு உரைப்போம். ஷெல்லியைப் போல் முடிவைத் திருத்தி எழுதுவோம். வில்சனைப் போல் மெழுகு பூச்சைச் சுரண்டி எடுப்போம். அந்த உரிமை புலவர் வீட்டுப் பிள்ளைக்கு மட்டுமன்று. கையுறை தைப்பவன் மகனுக்கும், கல் செதுக்குபவன் மகளுக்கும் உண்டு. இலக்கியம் என்று சொல்லித் தந்தால் இரு கையும் நீட்டி வாங்குவோம். வேதம் என்று சொல்லித் தலையில் ஏற்றவந்தால், தலையை நிமிர்த்தி மறுப்போம்!