வாத்தியாரும் காபிக் கொட்டையும்

ஏற்காட்டுக் காபி குடிக்கும்போது மன்மோகன் சிங் ஞாபகம் வருகிறது ஸார். டெல்லி ஸ்கூல் ஆஃப் எகனாமிக்ஸில் புரொபசராக இருந்தவர். 1991-ல் நிதியமைச்சர். அந்த பட்ஜெட் பி.காம்.-ல் எனக்கு அஞ்சு மார்க் கேள்வி! 1999-ல் தெற்கு டெல்லியில் நின்று தோற்றார். லோக்சபாவுக்கு ஜெயிக்காமலே 2004-லிருந்து பத்து வருஷம் பிரதமர்.

சேர்வராயன் மலைக்காரருக்கு அவர் வேறு கணக்கு. முன்பெல்லாம் விளைந்த காபியை காபி போர்டிடம்தான் கொடுக்கணும். பணம் தவணையில் வரும், நம்ம அரியர்ஸ் மாதிரி. போர்டு வணிக அமைச்சகத்துச் சமாச்சாரம்தான். ஆனால் தாராளமயக் காற்று இவர் திறந்த ஜன்னல் வழியாக வந்தது. 1996-ல் 'யாருக்கு வேணுமோ வித்துக்கோ' என்றாகிவிட்டது.

சந்தோஷம்தான். ஆனால் 2000-ஐ ஒட்டி உலக விலை சரிந்தபோது தாங்கிப் பிடிக்க போர்டும் வரவில்லை. இன்றைக்கும் நியூயார்க் விலையைப் பார்த்துத்தான் இங்கே பேரம்.