கைப்பிடியும் கைக்காப்பும்

மொழிபெயர்ப்புத் தாளுக்காக முதுகலை மாணவி ஒருவர் அமெரிக்கச் சிறுகதை ஒன்றைத் தமிழாக்கிக் கொண்டுவந்திருந்தார். நம்மைப் போலவே பள்ளிகொண்டாவிலிருந்து பேருந்தேறிக் கல்லூரிக்கு வருபவர். தந்தை தோல் பதனிடும் தொழிற்சாலையில் வேலை செய்கிறார். கதையில் ஒரு சனிக்கிழமைப் பிற்பகல். சமையலறை மேசையின்மேல் அரைத்தானியங்கித் துப்பாக்கி ஒன்று கிடக்கிறது. தந்தையும் மகனும் அதன் பழைய உறுப்பொன்றைக் கழற்றிவிட்டுக் கடையில் வாங்கிய புதியதைப் பொருத்துகிறார்கள். தாய் அந்த மேசையிலேயே கொஞ்சம் இடம் ஒதுக்கித் தட்டுகளை வைக்கிறாள். பெரிய நிகழ்ச்சி எதுவும் இல்லாத, ஆனால் படித்த பின்பு நெஞ்சைவிட்டு நீங்காத கதை. "துப்பாக்கியின் கைப்பிடியை மாற்றினார்கள்" என்று மாணவி எழுதியிருந்தார். நாமும் ஐயமின்றி 'நன்று' என்று ஓரத்தில் குறித்துவிட்டோம்.

வகுப்பில் அதைப் படித்தபோது பின்வரிசையிலிருந்து ஒரு மாணவர் எழுந்தார். "ஐயா, அது கைப்பிடி இல்லீங்க. எங்க மாமா மிலிட்டரியில இருந்தவரு. அதை ஹேண்ட்கார்டுன்னு சொல்வாரு. கைப்பிடி வேற, இது வேற" என்றார். அவர் கம்மவான்பேட்டைக்காரர். வீட்டுக்கொருவரேனும் படைக்குப் போன ஊர் என்பதால் 'ராணுவப்பேட்டை' என்றே வேலூர் வட்டாரத்தில் வழங்கப்படும் ஊர் அது. இருபது ஆண்டுகளுக்கு மேலாகத் தமிழ் கற்பிக்கும் நமக்கு, நாம் 'நன்று' போட்ட சொல் தவறு என்று சொல்ல ஒரு ராணுவ மாமா தேவைப்பட்டார். இக்கட்டுரை அந்த வெட்கத்திலிருந்து பிறந்தது.

அடுத்த ஞாயிறன்று அந்த மாமாவைப் பார்க்கப் போனோம். ஹவில்தாராக ஓய்வு பெற்றவர். கையிலிருந்த குடையையே துப்பாக்கியாக்கி விளக்கினார். வலக்கை பிடிப்பது கைப்பிடி. விசைக்குப் பின்னால் இருப்பது. இடக்கை தாங்குவது குழலுக்கு அடியில், முன்புறத்தில். அங்கேதான் ஹேண்ட்கார்டு. "தொடர்ந்து சுட்டா பேரல் அடுப்புல வெச்ச கம்பி மாதிரி காய்ஞ்சிடும் சார். வெறுங்கையால தொட்டா தோல் ஒட்டிக்கும். அதுக்குத்தான் அந்தக் கூடு" என்றார். 1960களில் பழைய .303க்கு மாற்றாகப் படைக்கு வந்த இஷாப்பூர் எஸ்.எல்.ஆர். துப்பாக்கியில் அது மரம். 1990களில் வந்த இன்சாஸில் பிளாஸ்டிக். காற்றுப் போய்வரத் துளைகளோ பிளவுகளோ இருக்கும். ஆக, அந்த உறுப்பு பிடிப்பதற்காக மட்டும் ஆனதன்று. சுடுகிறவனின் கையைத் துப்பாக்கியிடமிருந்து காப்பதற்கானது. கைப்பிடி என்று எழுதியபோது நாம் தொலைத்தது இந்தப் பொருளைத்தான்.

"இதை எப்போதாவது வீட்டில் வைத்து மாற்றியதுண்டா?" என்று கேட்டோம். சிரித்துவிட்டார். "வீட்டுக்கா சார்? லீவுல வரும்போது அது ஆயுத அறையிலதான் பூட்டியிருக்கும். கழட்டிப் பூட்டுறதெல்லாம் அங்கேயே. 'கோல்னா, ஜோட்னா'ன்னு இந்தியிலதான் சொல்லிக் கொடுத்தாங்க." நம் கேள்விக்கு விடை அந்தக் கடைசி வாக்கியத்தில் இருந்தது.

இரு நாடுகளின் சட்டங்களை அருகருகே வைத்தால் இன்னும் தெளிவாகும். அமெரிக்காவில் மிகப் பரவலாக உள்ள அரைத்தானியங்கித் துப்பாக்கி ஏஆர்-15. யூஜின் ஸ்டோனர் 1950களின் இறுதியில் உருவாக்கிய வடிவம். அங்கே சட்டத்தின் பார்வையில் துப்பாக்கி என்பது எண் பொறித்த ஒரே ஓர் உறுப்பு. விசைப்பொறி அமைந்த அடிக்கூடு. மற்ற உறுப்புகளைப் பொதுவாகத் தபாலில் வரவழைத்து வீட்டு மேசையில் பொருத்திக்கொள்ளலாம். தோட்டக்கருவி வாங்குவதுபோல் கைக்காப்பு வாங்குகிறார்கள். நம் நாட்டில் 1959ஆம் ஆண்டின் படைக்கலச் சட்டம் துப்பாக்கியின் உறுப்புகளையும் துப்பாக்கி என்றே வரையறுக்கிறது. பழுதுபார்க்கும் தொழிலுக்கும் உரிமம் கேட்கிறது. 2019இல் செய்த திருத்தம் ஒருவர் வைத்திருக்கக்கூடிய துப்பாக்கிகளை மூன்றிலிருந்து இரண்டாகக் குறைத்தது. அரைத்தானியங்கியோ சாதாரண உரிமத்தில் எளிதாகக் கிடைப்பதன்று. எனவே அந்தச் சமையலறை மேசைக் காட்சி நம் ஊரில் நடக்கவே முடியாது. நடக்காத செயலுக்கு மொழியில் சொல் எப்படி வரும்?

ஆனால் நம் மொழிக்குத் துப்பாக்கி புதிதன்று. 'துப்பாக்கி' என்ற சொல் துருக்கியிலிருந்து பல மொழிகளைக் கடந்து வந்தது. வள்ளுவர் மழையைப் பாடிய குறளிலும் அதே எழுத்துகள் வருகின்றன, உணவாக்கி என்ற பொருளில். இதைச் சொல்லி வகுப்பில் சிரிக்க வைப்பது நம் ஆசிரியர் மரபு. வாய்வழியே மருந்திடும் நாட்டுத் துப்பாக்கி மக்கள் கையில் இருந்தவரை அதன் ஒவ்வோர் அசைவுக்கும் சொல் இருந்தது. குழல், குதிரை, மருந்து, ரவை; மருந்தைக் குத்தி இறுக்குவது கெட்டித்தல். உரிமமில்லாத நாட்டுத் துப்பாக்கிகளை ஒப்படைக்கும்படி மலைக்கிராமங்களுக்குக் காவல்துறை விடுக்கும் அறிவிப்புகளை இன்றும் அவ்வப்போது செய்தித்தாளில் படிக்கிறோம். வேட்டைக்காரர் வீட்டில் இருந்த பொருள் என்பதால் அதற்குத் தமிழ்ச் சொற்கள் உண்டாயின. தானே குண்டேற்றிக்கொள்ளும் துப்பாக்கியோ அரசின் ஆயுத அறையில் இருந்தது. அதைத் தொட்ட தமிழர்கள் அதன் பெயர்களை இந்தியிலும் ஆங்கிலத்திலும் கற்றார்கள். திருச்சியில் 1966 முதல் படைக்கலத் தொழிற்சாலை இருக்கிறது. தமிழ்க் கைகள் அங்கே துப்பாக்கி செய்கின்றன. அந்தப் பட்டறையின் சொற்கள் நம் அகராதிக்கு வந்து சேரவில்லை.

சங்கப் பாடல்களைப் பாடமாக நடத்துகிறவர்களுக்கு இது உறுத்த வேண்டும். புறநானூற்றின் 95ஆம் பாடலை எத்தனை முறை நடத்தியிருப்போம்! அதியமானின் தூதாக ஔவை தொண்டைமானிடம் போகிறார். அவன் படைக்கலங்கள் மயிற்பீலி சூடி, நெய் பூசப்பெற்று, காவல் மிகுந்த மாளிகையில் அழகாக இருக்கின்றன. அதியமானுடையவையோ நுனி முறிந்து கொல்லனின் சிறு குடிலில் கிடக்கின்றன. இதை வஞ்சப்புகழ்ச்சிக்கு எடுத்துக்காட்டு என்று சொல்லி மதிப்பெண் கொடுத்துவிட்டுக் கடந்து போகிறோம். தொண்டைநாட்டுக்காரர்களாகிய நாம்தான் அந்தக் கேலிக்கு ஆளானவர்கள் என்பதுகூட நினைவுக்கு வருவதில்லை. ஆனால் அந்தப் பாடலைப் பாடியவருக்குப் படைக்கலம் எங்கே உடையும், யாரிடம் போகும் என்பது தெரிந்திருக்கிறது. வேலின் இலை வேறு, கை பற்றும் காம்பாகிய 'காழ்' வேறு என்பதும் தெரிந்திருக்கிறது.

தோல் நகரத்தார் பெருமைப்பட ஒரு செய்தியும் உண்டு. பழந்தமிழில் கேடகத்துக்கே 'தோல்' என்று ஒரு பெயர். வில்லாளி நாணின் அடியிலிருந்து காத்துக்கொள்ளக் கையில் கட்டிய தோலுக்குக் 'கோதை' என்று பெயர். சென்னைப் பல்கலைக்கழகத்தின் பேரகராதியில் அச்சொல் கைத்தோற்கட்டி என்ற பொருளோடு இருக்கிறது. வடமொழிக் 'கோதா'விலிருந்து வந்தது. அங்கே அது உடும்பையும் குறிக்கும். நாம் தேடிய சொல் இருந்திருக்கிறது! படைக்கலம் அதை ஏந்துகிறவனையும் காயப்படுத்தும் என்று அறிந்து, அதற்கொரு காப்புச் செய்து, அதற்கொரு பெயரும் இட்டிருக்கிறார்கள். இன்று கோதை என்றால் மாலையும் ஆண்டாளும்தான் நினைவுக்கு வருகிறார்கள். அவளை மீண்டும் போர்க்களத்துக்கு இழுத்துவர வேண்டியதில்லை.

இங்கே நண்பர்கள் ஒரு தடை எழுப்பினார்கள். "துப்பாக்கி உறுப்புகளுக்குத் தமிழில் பெயரில்லை என்றால் அது நல்லதுதானே? பெயர் வைத்துப் பழகினால் அந்தச் சமையலறை மேசை இங்கேயும் வந்துவிடாதா?" நியாயமான அச்சம். அந்த அமெரிக்கக் கதையின் திகிலே, அந்தக் குடும்பத்துக்கு அந்தப் பொருள் அவ்வளவு பழகிப்போயிருப்பதுதான். ஆனால் அறியாமை நம்மைக் காத்ததாகத் தெரியவில்லை. ஈழத்தில் எறிகணை, சுடுகலன் போன்ற சொற்கள் பேச்சில் ஊறியது மொழிப்பற்றால் மட்டுமன்று. குழந்தைகளுக்கும் அவற்றை வேறுபடுத்திச் சொல்ல வேண்டிய வாழ்க்கை வாய்த்ததால். அந்த விலையைக் கொடுத்துத்தான் சொல் வாங்க வேண்டுமா?

2018 மே மாதம் தூத்துக்குடியில் ஸ்டெர்லைட் ஆலைக்கு எதிரான போராட்டத்தின்போது காவல்துறை சுட்டதில் 13 பேர் உயிரிழந்தனர். வேன்மீது ஏறிக் குறிபார்க்கும் காவலரின் படத்தை நாமெல்லாம் பார்த்தோம். எஸ்.எல்.ஆர். என்ற மூன்றெழுத்தும் அந்நாட்களில் செய்திகளில் அடிபட்டது. எத்தனை பேருக்கு அதன் பொருள் விளங்கியது? அது அரைத்தானியங்கி. அடுத்த குண்டை அது தானே ஏற்றிக்கொள்ளும். ஆனால் தானே சுடாது. ஒவ்வொரு குண்டுக்கும் விரல் ஒருமுறை விசையை அழுத்த வேண்டும். பத்துக் குண்டுகள் பாய்ந்தால் பத்து முறை ஒரு மனிதர் அழுத்தியிருக்கிறார் என்று பொருள். 'துப்பாக்கிச் சூடு நடந்தது' என்னும் நம் செய்தித் தமிழில் அந்த விரல் மறைந்துவிடுகிறது. மழை பெய்தது என்பதுபோல் சூடு நடந்துவிடுகிறது. நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையத்தின் அறிக்கை 2022 அக்டோபரில் சட்டமன்றத்தில் வைக்கப்பட்டது. அத்தகைய அறிக்கையை ஒரு குடிமகன் விளங்கிப் படிக்க இந்தச் சொற்கள் வேண்டும். துப்பாக்கி வைத்திருப்பவருக்கு அவை தெரியும். அதன் முன்னால் நிற்பவருக்கும் தெரிந்தாக வேண்டும்.

நம் புனைகதைகளில் துப்பாக்கி வரும் இடங்களை நினைத்துப் பாருங்கள். பெரும்பாலும் அது 'வெடிக்கிறது', 'உறுமுகிறது', 'பளபளக்கிறது'. திரைப்படத்தில் பார்த்ததை எழுதுகிறோம். அது எவ்வளவு கனம், எங்கே சுடும், யார் துடைக்கிறார்கள், எண்ணெய் எப்படி மணக்கும் என்பது கதையில் இருப்பதில்லை. வணங்குவதற்கோ சபிப்பதற்கோ உரிய குறியீடாகவே அது நின்றுவிடுகிறது. குறியீட்டுக்குக் கைக்காப்பு தேவையில்லை, பொருளுக்குத்தான் தேவை.

சொல்லை எங்கிருந்து எடுப்பது? மாணவியின் தந்தையைக் கேட்டோம். அவருக்குத் துப்பாக்கி தெரியாது, தோல் தெரியும். சுண்ணாம்புக் குழி, சதை எடுத்தல், ஆவாரம்பட்டை, கடுக்காய் என்று பழைய முறையின் சொற்களைச் சொல்லிக்கொண்டே போனவர், குரோமியம் ஏற்றிய ஈரத்தோலுக்கு வந்ததும் 'வெட் ப்ளூ' என்றார். தமிழில் என்ன என்று கேட்டதற்கு, "அதாங்க தமிழ்ல" என்றார். கை பழகிய சொல் எம்மொழியிலிருந்து வந்தாலும் அவருக்கு அது தமிழ். இதைவிட நல்ல மொழியியல் பாடம் நமக்குக் கிடைத்ததில்லை.

ஆகவே நம் கருத்து இதுதான். கதைமாந்தர் பேச்சில் வந்தால் ராணுவ மாமா சொன்னதுபோல் 'ஹேண்ட்கார்டு' என்றே எழுதலாம், அதில் இழிவில்லை. ஆசிரியர் கூற்றில் வந்தால் 'கைக்காப்பு' என்று எழுதலாம். காப்பு என்பதற்கு வளையல் என்றும் நூல்முகப்புப் பாடல் என்றும் பொருளுண்டே, குழப்பாதா என்பார்கள். துப்பாக்கியோடு சேர்ந்து வரும்போது குழப்பாது. எது எழுதினாலும் 'கைப்பிடி' என்று மட்டும் எழுதக் கூடாது, அது பிழை. அதற்கு முன்பு, தெரிந்தவர் ஒருவரைத் தேடிப்போய்க் கேட்க வேண்டும். அகராதிக்கு முன்னால் அந்த மாமாவின் குடை.

மாணவி அந்த வரியைத் திருத்திக் கொடுத்திருக்கிறார். தந்தையும் மகனும் மேசையில் கைக்காப்பை மாற்றுகிறார்கள். மகன் பழையதைக் கையில் எடுத்துப் பார்க்கிறான். அதன் உட்புறம் சூட்டில் கருகியிருக்கிறது. முதல் வடிவில் இவ்விடம் ஏன் நமக்கு விளங்கவில்லை என்பது இப்போது தெரிகிறது. கைப்பிடி கருகாது. ஓரத்தில் நாம் எழுதியிருந்த 'நன்று' என்பதை அடித்துவிட்டோம். புதிய வரிக்கு என்ன குறிப்பு எழுதுவதென்று இன்னும் முடிவு செய்யவில்லை.