விற்றவன் பாக்கி வாங்கியவன் தலையிலா?

வீட்டை விற்றவன் பணத்தை எண்ணி வாங்கிக்கொண்டு போய்விடுகிறான். அவன் எரித்த விளக்குக்கும் ஓட்டிய மோட்டாருக்கும் உள்ள மின்சார பாக்கியை வாங்கியவன் கட்டவேண்டுமா? கிராஜுவிட்டியையும் சீட்டுப் பணத்தையும் போட்டு இரண்டு சென்ட் நிலத்தில் ஓட்டு வீடு வாங்கும் மில் தொழிலாளியும், காட்டு வேலை செய்து சிறுகச் சிறுகச் சேர்த்துக் குடியிருக்க இடம் வாங்கும் விவசாயத் தொழிலாளியும் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயம் இது.

1995ல் இஷா மார்பிள்ஸ் வழக்கில், பழைய சொந்தக்காரரின் பாக்கியை ஏலத்தில் சொத்து எடுத்துப் புதிய இணைப்புக் கேட்பவரிடம் வசூலிக்க முடியாது என்று சுப்ரீம் கோர்ட் கூறியது. ஆனால் 2023 மே 19 அன்று, கேரள மின்வாரியத்துக்கு எதிரான கே.சி. நைனான் வழக்கில் அதே கோர்ட் விஷயத்தை விரிவாக அலசியது. பாக்கி தானாகச் சொத்தின்மீது ஏறிவிடாது. சட்டம் வெளிப்படையாகச் சொன்னால்தான் ஏறும். ஆயினும், பழைய பாக்கியைக் கட்டினால்தான் புது இணைப்பு என்று சட்டப்படி விதி வகுத்திருந்தால் அந்த விதி செல்லும். 2003ஆம் வருஷ மின்சாரச் சட்டத்திலுள்ள இரண்டு வருஷக் கெடு, சிவில் வழக்குப் போட்டு வசூலிப்பதைத் தடுக்காது. ஏலத்தில் எடுத்தவர்களுக்கு, இணைப்புக் கேட்டு மனுச் செய்த நாளிலிருந்து ஏறிய வட்டி மட்டும் தள்ளுபடியாயிற்று.

மின்வாரியத்தின் பணம் பொதுப் பணம். ஒருவன் கட்டாமல் ஓடினால் அந்தச் சுமை கடைசியில் ஒழுங்காகக் கட்டும் ஜனங்கள்மீதுதான் விழும். ஆகவே பாக்கியை விட்டுவிடு என்று நாம் சொல்லவில்லை. அது பெருகியது எப்படி என்று கேட்கிறோம். கட்டணம் செலுத்தாவிட்டால் 15 நாள் நோட்டீஸ் கொடுத்து இணைப்பைத் துண்டிக்கச் சட்டத்தின் 56வது பிரிவு அதிகாரம் தருகிறது. தொழிலாளி வீட்டில் கெடு தாண்டினால் ப்யூஸைப் பிடுங்க ஆள் வருகிறான். பெரிய ஆலையின் பாக்கி லட்சக்கணக்கில் வளரும்வரை அந்த அதிகாரம் எங்கே போயிற்று? கரண்டை அனுபவித்தவனை முதலில் தேடுவதே நியாயம்.

வில்லங்கச் சான்றில் பதிவான பத்திரங்கள் தெரியும்; மின்சார பாக்கி தெரியாது. ஆலையை ஏலத்தில் எடுப்பவருக்கு வக்கீல் உண்டு. பாக்கியைக் கணக்கிட்டு ஏலத் தொகையைக் குறைத்துக் கேட்பார். ஏழைக்கு யார் சொல்வது? பத்திரப் பதிவின்போதே மின்சார, குடிநீர் பாக்கி விவரம் வாங்குபவர் கைக்கு வரும்படி சர்க்கார் ஏற்பாடு செய்யவேண்டும். குடியிருக்கச் சிறு வீடு வாங்கியவரிடம் வட்டி கேட்கக் கூடாது. அசலுக்குத் தவணை தரவேண்டும்.

அதுவரை நாமே உஷாராக இருக்கவேண்டும். கிரையத்துக்கு முன் மின் இணைப்பு எண்ணைக் கேட்டு வாங்கி, பிரிவு ஆபீசில் பாக்கி உண்டா என்று விசாரியுங்கள். முன்பே துண்டித்து மீட்டரை எடுத்துப்போன இணைப்பு இருந்ததா என்றும் கேளுங்கள். பாக்கி இருந்தால் விற்பவரைக் கட்டச் சொல்லுங்கள். இல்லையேல் கிரையத் தொகையில் பிடித்துக்கொள்ளுங்கள். கிரைய நாள்வரை உள்ள பாக்கிக்கு விற்பவரே பொறுப்பு என்று பத்திரத்தில் எழுதுங்கள். அது மின்வாரியத்தைக் கட்டுப்படுத்தாது. ஆனால் நீங்கள் கட்ட நேர்ந்தால், அந்தப் பணத்தை அவரிடம் கேட்க ஆதாரமாகும்.

மில் தொழிலாளிகள் கவனிக்க இன்னொன்றும் உண்டு. மூடிய மில் விற்பனைக்கு வரும்போது வங்கியின் கையில் அடமானப் பத்திரம் இருக்கிறது. மின்வாரியத்தின் கையில் இணைப்பு இருக்கிறது. வியர்வை சிந்தியவனின் சம்பள பாக்கிக்கு என்ன பிடி? 2016ஆம் வருஷத் திவால் சட்டம், கம்பெனி கலைக்கப்படும்போது முந்திய 24 மாதத் தொழிலாளர் பாக்கியை, ஈட்டை விட்டுக்கொடுத்த கடன்காரருக்குச் சமமான வரிசையில் வைக்கிறது. அதற்கு முந்திய பாக்கி அந்த வரிசையில் இல்லை. உள்ள உரிமையும் குறித்த காலத்தில் மனுப் போட்டால்தான் கைக்கு வரும். ஏல நோட்டீஸ் ஒட்டிய அன்றே சம்பளச் சீட்டு, பி.எப். கணக்கு, சர்வீஸ் விவரம் எல்லாவற்றையும் திரட்டிச் சங்கத்தில் சேருங்கள். பழைய கரண்டு பாக்கிக்கு விதி வகுக்க முடிகிறதென்றால், பழைய கூலி பாக்கி முழுவதற்கும் விதி வகுக்க முடியாதா? சர்க்கார் பதில் சொல்லட்டும்.